ஒரு நிரவு மனிதர்

அளவைக் கழகத்தின் முன்கூடத்தில் நுழைந்ததும் முகத்தில் இடிப்பதுபோல ஒரு பித்தளைப் பலகை இருக்கிறது. அதில் பொறித்திருப்பது இது:

'ஒரு சாதாரண அறையில் ஒரு சாதாரண மனிதர் சும்மா உட்கார்ந்திருக்கும்போது அந்த அறை எவ்வளவு நிரம்புகிறதோ, அவ்வளவே ஒரு நிரவு.'

இந்த ஒற்றை வாக்கியத்தை எழுதி முடிக்கப் பதினொரு பேர் கொண்ட குழுவுக்கு நான்கு ஆண்டுகள் ஆயின. அதில் முதல் இரண்டு ஆண்டுகள் 'சும்மா' என்றால் என்ன என்ற விவாதத்திலேயே போயின. வாதம் முற்றிய கட்டத்தில் குழுவினர் அதைச் செய்தே காட்டினார்கள் என்று கடைநிலை ஊழியர்கள் இன்றும் சொல்லிச் சிரிப்பதுண்டு.

ஆள் இருக்கும் அறைக்கும் இல்லாத அறைக்கும் வித்தியாசம் உண்டு என்பது கதவைத் திறக்கிற எவருக்கும் தெரியும். சிலர் வந்து உட்கார்ந்தால் வீடே நிறைந்துபோகும். சிலர் வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. இதைக் கருவி வைத்து அளக்கலாம் என்று கண்டுபிடித்த அறிவியலுக்குத்தான் நிரவியல் என்று பெயர். கருவி ஒன்றும் பிரமாதமில்லை. ஒரு முழ நீளக் கண்ணாடிக் குழாய். அதன் அடியில் சுருண்டு கிடக்கும் ஒரு மெல்லிய இழை. காலி அறையில் அது செத்ததுபோல் கிடக்கும். ஆள் வந்தால் எழும்பி நிற்கும். குழாயை ஒட்டி ஓர் அளவுப் பட்டை. திருகைத் திருப்பினால் பட்டை நீளும், குறுகும். இழையின் நுனி பட்டையில் எந்த எண்ணுக்கு நேரே நிற்கிறது என்று பார்க்க வேண்டியது, எழுதிக்கொள்ள வேண்டியது.

சரி, அந்தச் சாதாரண மனிதர் யார்?

பலகைக்குப் பின்னால் மூன்று கதவுகளைத் தாண்டினால் ஓர் அறை. அறையில் ஒரு நாற்காலி. நாற்காலியில் அவர்.

இருபத்தாறு ஆண்டுகளுக்கு முன் அவர் கழகத்திலேயே கோப்புகளுக்கு நாடா கட்டும் எழுத்தராக இருந்தார். மூல அளவையாக வைக்க ஓர் ஆளைத் தேடி நானூற்றுப் பன்னிரண்டு பேரைச் சோதித்தார்கள். ஒரு பாடகர் நுழைந்ததும் இழை குழாயின் மூடியில் போய் இடித்தது. ஒரு தணிக்கை அதிகாரி நுழைந்தபோது, சுருண்டு கிடந்த இழை இன்னும் கொஞ்சம் சுருண்டுகொண்டதாகக் குறிப்பில் இருக்கிறது. நாடா கட்டியவர் வந்து உட்கார்ந்தார். இழை எழுந்தது. நானூற்றுப் பன்னிரண்டு பேரின் நட்டநடுவில் போய் நின்றது. ஆடவில்லை, அசையவில்லை. குழுவினர் எழுந்து நின்று கைதட்டினார்கள். அன்றிலிருந்து அவருக்குக் கழகத்தில் பெயர் 'ஒண்ணு சார்'.

வீட்டுக்குப் போய்ச் சொன்னபோது மனைவி கேட்டாள்: "என் புருஷன் சராசரின்னு கண்டுபிடிக்க நானூறு பேரா? எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே!"

கேட்டதோடு நிற்காமல், ஒரு வாரம் தெருவெல்லாம் அதைப் பெருமையாகவும் சொல்லிக்கொண்டு வந்தாள்.

மூல அளவை மாறக் கூடாது. மாறினால் நாட்டில் உள்ள அத்தனை கருவிகளும் கெட்டுப்போகும். ஆகவே அவருக்கென்று ஒரு விதித்தொகுப்பு எழுதப்பட்டது. புதிய நண்பர்கள் கூடாது. புதிதாக எதையும் கற்கக் கூடாது. வீடு மாறக் கூடாது. ஊழியர்கள் அவரிடம் ஒரு நேரத்தில் மூன்று சொற்களுக்கு மேல் பேசக் கூடாது. அவரும் அவர்களிடம் அப்படியே. மதியச் சாப்பாடு தனி அறையில், சுவரைப் பார்த்தபடி. சுவரில் படம் மாட்டுவதா வேண்டாமா என்பது இன்னும் துணைக்குழுவின் பரிசீலனையில் இருக்கிறது.

மனைவிக்கு மட்டும் விலக்கு. தேர்வு நடந்தபோதே அவள் இருந்துவிட்டதால், அவளும் நிலைமைகளில் ஒன்று என்று முடிவு செய்து, பிற்சேர்க்கையில் 'துணைக்கருவி – 1' என்று சேர்த்துக்கொண்டார்கள். அதைப் படித்துவிட்டு அவள் இரண்டு நாள் அவருடன் பேசவில்லை. மூன்றாம் நாள், "கருவிக்கு எண்ணெய் வாங்கிட்டு வாங்க, தலைக்கு" என்று ஆரம்பித்து, அதன் பின் வாய் மூடவே இல்லை. அவர் பகலெல்லாம் பேசாத பேச்சையும் சேர்த்து அவளே பேசிக்கொண்டாள்.

துணைக்கருவி ஒன்று பதினான்கு மாதங்களுக்கு முன்னால் இறந்துபோனாள்.

கழகம் 'படிவம் ஏழு' என்ற தாளை அனுப்பியது. அதில் 'தேய்மானம், பழுது, இழப்பு, களவு – பொருந்துவதைக் குறிக்கவும்' என்று இருந்தது. அவர் 'இழப்பு' என்பதைக் குறித்தார். ஒரு வாரம் கழித்துக் கிடங்குப் பிரிவிலிருந்து கேள்வி வந்தது: 'பழைய துணைக்கருவி திருப்பி ஒப்படைக்கப்பட்டதா? இல்லையெனில் காரணம் தருக.' அந்தத் தாளை மேசைமேல் வைத்துக்கொண்டு இரண்டு நாள் உட்கார்ந்திருந்தார். பிறகு 'ஒப்படைக்க இயலவில்லை' என்று எழுதினார். 'ஏற்கப்பட்டது' என்று முத்திரை விழுந்து திரும்பி வந்தது.

ஊழியர்கள் வரிசையாக வந்து துக்கம் விசாரித்தார்கள். "ரொம்ப வருத்தம் சார்." மூன்று சொல். எல்லோரும் அதே மூன்று.

இரண்டு மாதம் கழித்து ஆண்டுச் சரிபார்ப்பு நாள் வந்தது. தலைமைக் கருவிகளையெல்லாம் அவர் அறையில் மாட்டினார்கள். அவர் ஒரு மணி நேரம் சும்மா உட்கார்ந்தார். இழை எங்கே நின்றதோ அங்கே 'ஒன்று' வரும்படி எல்லாப் பட்டைகளையும் திருகினார்கள். வழக்கத்தைவிடக் கொஞ்சம் அதிகமாகத் திருக வேண்டியிருந்தது. வெயிலில் பட்டை நீண்டிருக்கும் என்று எழுதிக்கொண்டார்கள். திருகி முடித்ததும் இயக்குநர் உரத்த குரலில் படித்தார்: "ஒன்று. புள்ளி பூஜ்யம் பூஜ்யம் பூஜ்யம்." பிறகு ஒண்ணு சாரின் தோளைத் தட்டினார். "இரும்பு மனுஷன்யா!"

தலைமைக் கருவிகளைப் பார்த்து நாட்டின் மற்றக் கருவிகளையும் திருகிய அந்த ஆண்டு, நாடெங்கும் வீடுகள் நிரம்பத் தொடங்கின. எந்த வீட்டில் அளந்தாலும் போன ஆண்டைவிட ஒன்றரை மடங்குக்கும் மேல். இயக்குநர் அப்போதுதான் மலர்ச்சி இயக்கம் என்ற ஒன்றைத் தொடங்கியிருந்தார். அதாவது, குடியிருப்புகளின் மாடிப்படிகளில் சிரித்த முகங்களை வரைந்து, அடியில் 'மலர்ந்திருப்போம்' என்று எழுதுவது. எழுதிய ஆறே மாதத்தில் வெறுமை ஒழிந்தது. அவருக்குப் பதக்கம் கொடுத்தார்கள். பதக்கத்தைக் கழுத்தில் போட்டுக்கொண்டே அவர் கழிப்பறைக்கும் போய்வந்ததைக் காவலாளி பார்த்திருக்கிறார்.

ஒண்ணு சார் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மாலையில் வீட்டுக்குப் போனார். அடுப்பில் ஒரு டம்ளர் நீரை வைத்துவிட்டு, இரண்டு டம்ளர்களை எடுத்து வைப்பார். ஒன்றைத் திரும்ப உள்ளே வைப்பார்.

*

போன மாதம் ஒரு சனிக்கிழமை காலை, அவர் வீட்டுக் கதவை ஒரு பெண் தட்டினாள். நாற்பது வயது இருக்கும். தோளில் நீளப் பை, காலில் தேய்ந்த செருப்பு. வீடு வீடாகப் போய் நிரவு அளக்கும் அளவைக்காரி. அவர் மனைவி போனபின் அந்த வீடு பதிவேட்டில் 'தனியாள் குடியிருப்பு' பகுதிக்கு மாறியிருந்தது. அதனால் முதல் முறையாக அவள் பட்டியலில் வந்திருந்தது.

"வணக்கம் சார், நிரவு அளக்க வந்திருக்கேன். ரெண்டே நிமிஷம். டிவி ஓடினா அணைச்சிடுங்க. நாய் இருந்தா வெளியில விட்டுடுங்க. சொந்தக்காரங்க இருந்தா, அது உங்க சாமர்த்தியம்."

"நான் மட்டும்தான்."

கூடத்தில் கருவியை மாட்டிவிட்டு அவள் வாசலுக்கு வெளியே போய் நின்றாள். அளப்பவர்கள் வெளியே நின்று ஒரு சின்னக் குழல் வழியாகத்தான் பார்ப்பார்கள். உள்ளே நின்றால் அவர்களும் கணக்கில் சேர்ந்துவிடுவார்கள். அவள் ஒரு கண்ணை மூடிப் பார்த்தாள். மறு கண்ணை மூடிப் பார்த்தாள். உள்ளே வந்து கருவியை இரண்டு தட்டுத் தட்டினாள்.

"பதினாறு வருஷமா அளக்கறேன். பிசிறு இல்லாம ஒண்ணுன்னு ஒருத்தருக்கும் காட்டினதில்ல. மிஷின் படுத்துடுச்சு போல."

"படுக்கல. நான்தான் ஒண்ணு."

"எல்லாரும் தங்களைப் பத்தி அப்படித்தான் சார் நினைச்சுக்கறாங்க..." என்று ஆரம்பித்தவள் அவர் முகத்தை உற்றுப் பார்த்தாள். கை தானாக வாயைப் பொத்தியது. "அய்யய்யோ. நீங்க அந்த ஒண்ணா? உங்ககூட மூணு வார்த்தைக்கு மேல பேசினா மெமோ குடுப்பாங்களே!"

"இப்பவே அம்பது ஆயிருக்கும்" என்றார் அவர்.

அவள் ஒரு கணம் யோசித்தாள். "சரி, முங்கினது முங்கியாச்சு. குடிக்கக் கொஞ்சம் தண்ணி குடுங்கண்ணே."

அவர் தண்ணீர் எடுக்கப் போக, அவளும் பின்னாலேயே சமையலறைக்கு வந்துவிட்டாள். வாய் மட்டும் நிற்கவில்லை. யாரிடமாவது கொட்ட வேண்டும் என்று பல மாதமாக வைத்திருந்தாள் போலிருக்கிறது.

"என்னமோ சரியில்லண்ணே. நேத்து ஒரு வீடு. புருஷன், பொண்டாட்டி, ரெண்டு பசங்க. புருஷனும் பொண்டாட்டியும் பேசிக்கறது நின்னே வருஷக்கணக்காகுது. பசங்க ரெண்டும் ஆளுக்கொரு மூலையில போனை வச்சுக்கிட்டுக் கிடக்குது. மிஷின் என்ன காட்டுது? ஆறரை! ஆறரைன்னா கல்யாண வீடுண்ணே. எங்க ஆபீஸ்ல சொன்னா, மலர்ச்சிங்கறாங்க."

அவர் டம்ளரை நீட்டினார். அவள் வாங்கிக்கொண்டு குடிக்காமல் பேசினாள்.

"அதாவது பரவாயில்ல, சிரிச்சுட்டுப் போயிடலாம். எட்டாம் நம்பர் கட்டடத்துல மூணாவது மாடியில கடிகாரம் ரிப்பேர் பண்ற பெரியவர் ஒருத்தர் இருக்காரு. தனி ஆள். அரைக்குக் கீழே இருக்கறவங்களுக்குப் புதன்கிழமை புதன்கிழமை நாலு மணிக்குப் பேச்சுத் துணைக்கு ஆள் அனுப்புவாங்க இல்ல? அவருக்கும் அனுப்பிட்டிருந்தாங்க. இப்ப மிஷின் அரைன்னு காட்டிடுச்சு, நிறுத்திட்டாங்க. அவரு மாதிரி நூத்தி நாப்பது பேரு. அந்தப் பெரியவர் இன்னமும் புதன்கிழமை நாலு மணிக்குச் சட்டை மாத்திக்கிட்டு நாற்காலியில உக்காந்திருக்காரு. நான் என் கண்ணால பாத்தேன்."

அப்போதுதான் அவள் பார்வை சுவருக்குப் போனது. அங்கே ஓர் ஆணியில் டீ வடிகட்டி தொங்கிக்கொண்டிருந்தது. வடிகட்டிக்குப் பின்னால் ஒரு கண்ணாடிக் குழாய்.

"இது என்ன?"

"நினைவுப் பரிசு. என்னைத் தேர்ந்தெடுத்தப்போ கழகத்துல குடுத்தாங்க. அவ இங்க மாட்டிட்டா. ஆணி நல்ல உறுதியா இருக்குன்னு வடிகட்டியையும் அதுலயே போட்டுட்டா."

"சரிபாத்தது எப்ப?"

"சரிபாக்கறதே கிடையாது. அது கணக்குல இல்லாத கருவி."

அவள் வடிகட்டியை எடுத்துக் கழுவுதொட்டியில் வைத்தாள். தன் கருவியையும் கொண்டுவந்து பக்கத்தில் மாட்டினாள். பின்பக்கம் சுற்றிப் போய்ச் சமையலறை ஜன்னலுக்கு வெளியே நின்றாள். அவர் இரண்டு குழாய்களுக்கும் நடுவில், புகைப்படத்துக்கு நிற்பவர்போல் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். இரண்டிலும் இழை ஒரே உயரத்தில் எழும்பி நின்றது. அவளுடைய பட்டை அதை ஒன்று என்றது. பழைய பட்டை அதை ஐந்தில் மூன்று என்றது.

ஜன்னலுக்கு வெளியே அவள் குழலை இந்தக் கருவிக்கும் அந்தக் கருவிக்கும் மாற்றி மாற்றித் திருப்பினாள்.

"அண்ணே," என்றாள் கடைசியில், குரலைத் தாழ்த்தி. "வீடுங்க ஒண்ணும் நிரம்பலண்ணே. நீங்க குறைஞ்சிருக்கீங்க."

பதினான்கு மாதமாக அவருக்குத் தெரிந்த சங்கதிதான் அது. ஆனால் இன்னொருவர் வாயிலிருந்து வருவது இதுதான் முதல் முறை. மேடையைப் பிடித்துக்கொண்டார்.

உள்ளே வந்தவள் சுவரை நெருங்கிப் பார்த்தாள். வடிகட்டி மறைத்திருந்த இடத்தில், குழாயை ஒட்டிச் சுவரில் பென்சில் கோடுகள் இருந்தன. ஒவ்வொரு கோட்டுக்கும் பக்கத்தில் பொடி எழுத்து. 'இவரு மட்டும்.' அதற்கு வெகு மேலே, 'ரெண்டு பேரும்.' அதற்கும் மேலே இன்னொன்று: 'ரெண்டு பேரும் – வம்பு பேசினப்ப.'

"இது அண்ணி எழுதினதா?"

"எனக்கே இன்னிக்குத்தான் தெரியும். வடிகட்டியை அவ போனப்புறம் நான் தொடவே இல்ல."

அவள் பட்டையோடு ஒத்துப் பார்த்தாள். "மேல இருக்கறது ரெண்டே கால் வருது. ரெண்டு பேருக்கு ரெண்டுதானே வரணும்? கால் எங்கேர்ந்து வந்துச்சு?"

"அவ கொஞ்சம் சத்தமா பேசுவா" என்றார் அவர்.

*

ஆண்டுச் சரிபார்ப்புக்கு ஒன்பது நாள் இருந்தது. விஷயம் வெளியே வந்தால் பட்டைகளைப் பழைய இடத்துக்குத் திருப்புவார்கள், நூற்று நாற்பது பேருக்கும் புதன்கிழமை திரும்பி வரும் என்று அளவைக்காரி கணக்குப் போட்டாள். தான் சொன்னால் எடுபடாது, பதினாறு வருஷ வேலையும் போய்விடும். அவரே சொன்னால் யாரும் தட்ட முடியாது என்பது அவள் வாதம். அவருக்கு அதற்கும் அடியில் இன்னோர் ஆசை இருந்தது. அதை அவர் அவளிடம் சொல்லவில்லை. ஐந்தில் இரண்டு போய்விட்டது என்று ஏதாவது ஒரு தாளில், ஏதாவது ஒரு கையெழுத்தோடு, எங்கேயாவது இருக்க வேண்டும் என்பதுதான் அது. ஊரில் யாருக்கு எவ்வளவு குறைந்தாலும் கழகத்தில் பதிவாகிவிடும். அவர் ஒருவருக்கு மட்டும் எவ்வளவு குறைந்தாலும் ஒன்று.

சரிபார்ப்பு நாளன்று நினைவுப் பரிசை ஒரு துணிப்பையில் சுற்றி எடுத்துப்போனார். பதினொரு பேர் குழுவும் வந்திருந்தது. இயக்குநர் பதக்கத்தோடு வந்திருந்தார். தலைமைக் கருவிகளை மாட்டி முடித்து, எல்லோரும் வெளியே நின்று குழல்களைக் கண்ணில் வைத்த நேரம், இருபத்தாறு ஆண்டில் முதல் தடவையாக அவர் நாற்காலியிலிருந்து எழுந்து கதவருகே வந்தார்.

"நான் குறைஞ்சுட்டேன் ஐயா" என்றார்.

சரியாக மூன்று சொல். விதிமீறல் என்று யாரும் சொல்ல முடியாது.

இயக்குநர் தொண்டையைச் செருமினார். செருமாமல் அவருக்குப் பேச வராது. மூன்று சொல் விதி அதை எழுதியவர்களுக்குக் கிடையாது. "உட்காருங்க. நீங்க எப்படிக் குறைய முடியும்? குறைஞ்சீங்கன்னா எதைவிடக் குறைஞ்சீங்க? உங்களை அளக்க உங்களை விட்டா வேற என்ன இருக்கு?"

குழுவில் மூத்தவர் தலையாட்டினார். "பொம்பளை போய்ட்டா ஆம்பளைக்கு அப்படித்தான் தோணும். தோணறது வேற, நிரவியல் வேற."

ஒண்ணு சார் பையைப் பிரித்துக் கருவியை எடுத்துக் காட்டினார். பதினொரு பேரும் அதைக் கை மாற்றிக் கை மாற்றிப் பார்த்தார்கள்.

"இதை எப்ப சரிபாத்தீங்க?"

"சரிபாக்கவே இல்ல."

"இருபத்தாறு வருஷமாவா?" மூத்தவர் வாய்விட்டுச் சிரித்தார். "பின்னே தப்புக் காட்டாம என்ன செய்யும்!"

எல்லோருக்கும் பெரிய பாரம் இறங்கியதுபோல் இருந்தது. நாட்டில் உள்ள ஒன்பதாயிரம் கருவிகளும் ஒரு பக்கம், சமையலறையில் வடிகட்டி தொங்கிய கருவி மறு பக்கம். இதில் எது கெட்டுப்போயிருக்கும் என்று முடிவு செய்யத் துணைக்குழுகூடத் தேவைப்படவில்லை. இயக்குநர் தம் கையாலேயே அதைச் சுவரில் மாட்டினார். அவரை நாற்காலியில் உட்காரச் சொன்னார். சட்டைப் பையிலிருந்து சின்னத் திருப்புளியை எடுத்து, பட்டையின் திருகை அரை நிமிடம் திருகினார். வெளியே போய்க் குழலில் பார்த்தார்.

"ஒன்று. புள்ளி பூஜ்யம் பூஜ்யம் பூஜ்யம்."

கைதட்டல் எழுந்தது.

"பரிசுப் பொருள்தானே, கழகச் செலவுலயே சரி பண்ணிட்டோம். இனிமே உங்களுக்கு அந்தக் கவலை வேண்டாம். சந்தோஷமா?"

"அவ செத்துட்டா ஐயா."

இயக்குநர் ஒரு கணம் நின்றார். அவருக்கும் மனசு என்று ஒன்று இருந்தது; ஆனால் அது எந்தக் கோப்பில் இருக்கிறது என்று சட்டென்று பிடிபடவில்லை.

"படிவம் ஏழு வந்துச்சு," என்றார் மெதுவாக. "பாத்தேன்."

*

வீட்டுக்கு வந்து கருவியைப் பழைய ஆணியில் மாட்டினார். அவர் குறைந்ததை அறிந்த ஒரே பொருள் அதுவாக இருந்தது. அதன் வாயையும் திருகி மூடிவிட்டார்கள். பட்டை, ஒன்று, ஒன்று, ஒன்று என்று காட்டிக்கொண்டிருந்தது.

அப்படியே நின்று பார்த்தபோதுதான் உறைத்தது. திருகியது பட்டையை. இழையைத் திருக முடியாது. சுவரையும் திருக முடியாது. இழையின் நுனி அவள் போட்ட 'இவரு மட்டும்' கோட்டுக்கு நாலு விரல் கீழே நின்றது. காலையில் நின்ற அதே இடம்.

செவ்வாய்க்கிழமை அளவைக்காரி வந்தாள். கதவைத் தட்டாமல் ஜன்னல் வழியாகவே எட்டிப் பார்த்தாள். நடந்ததைக் கேட்டாள். நடுவில் இரண்டு முறை அவள் உதிர்த்தது மூன்று சொல்தான். அச்சில் போடும் தரத்தில் இல்லை.

"ஆக, அவங்க உங்களை ஏத்த மாட்டாங்க."

"மாட்டாங்க."

"அப்ப நீங்களே ஏறிக்குங்கண்ணே."

"என்னது?"

"யோசிச்சுப் பாருங்க. நீங்க குறைஞ்சீங்க, ஊரே நிறைஞ்சுது. நீங்க கொஞ்சம் நிறைஞ்சா? அடுத்த வருஷம் ஊரே குறையும். அந்தப் பெரியவர் அரையில நிக்கறாரு, விளிம்புல. நீங்க ஒரு துளி ஏறினாப் போதும், அவரு அரைக்குக் கீழே போயிடுவாரு. ஆள் அனுப்பித்தான் ஆகணும். ஒரு வருஷம் இருக்கு."

"ஏறறதுன்னா எப்படி?"

"அது எனக்கென்ன தெரியும்? நான் அளக்கறவ. நாலு பேரைப் போய்ப் பாருங்க, பேசுங்க."

"விதிப்படி புதுசா யாரோடயும் பழகக் கூடாது."

"உங்க விதியில தீயை வைக்க."

அவர் யோசித்தார். "நான் போய் அந்தப் பெரியவரையே பாத்தா? அவரும் ஏறிடுவாரே. அப்ப அரைக்கு மேல போயிடுவாரு. ஆள் அனுப்ப மாட்டாங்க."

அளவைக்காரி அவரைப் பரிதாபமாகப் பார்த்தாள். இருபத்தாறு வருஷம் அளவாகவே இருந்துவிட்டால் மனிதன் இப்படித்தான் ஆகிவிடுவான் என்று நினைத்திருக்க வேண்டும்.

"அவரு ஏறிட்டா அப்புறம் ஆள் எதுக்குண்ணே?"

*

புதன்கிழமை மூன்றரை மணிக்கு அவர் நாற்காலியிலிருந்து எழுந்தார். காவலாளியிடம், "வெளியே போறேன்பா" என்றார். இரண்டு சொல்தான் செலவாயின. காவலாளிக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. மூல அளவை வேலை நேரத்தில் எழுந்து நடந்தால் என்ன செய்ய வேண்டும் என்று எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை. அதனால் எழுந்து நின்று வணக்கம் வைத்தார்.

எட்டாம் எண் கட்டடத்தின் படிகளில் சிரித்த முகங்கள் இருந்தன. மூன்றாம் மாடியில் வரைந்தவருக்கே அலுத்துப்போயிருக்க வேண்டும். அங்கே வாய் வெறும் கோடாக இருந்தது. கதவு தட்டுவதற்குள் திறந்தது. துவைத்த சட்டை, சீவிய தலை, கையில் ஒரு பூதக்கண்ணாடி.

"யாரு?"

"புதன்கிழமைக்கு வந்திருக்கேன்."

"அதான் நிறுத்திட்டாங்களே?"

"நிறுத்தினது கழகம். நான் என் இஷ்டத்துக்கு வந்திருக்கேன்."

பெரியவர் அவரை மேலும் கீழும் பார்த்தார். பழுதுக்கு வந்த கடிகாரத்தைப் பார்ப்பதுபோல. "உள்ளே வா."

சுவர் முழுக்கக் கடிகாரங்கள். பதினொன்று இருந்தன. எல்லாம் ஒரே நேரம் காட்டின.

"எல்லாம் நொடி பிசகாது," என்றார் பெரியவர். "ஆனா மணி என்னன்னு கேக்கத்தான் நாதி இல்ல. முன்னாடி வந்தவன் நல்லா பேசுவான். நீ பேசுவியா?"

"வராது."

"பாடுவியா?"

"வராது."

"சீட்டாடத் தெரியுமா?"

"தெரியாது. புதுசா எதையும் கத்துக்கக் கூடாது."

"யாரு சொன்னது?"

"விதி."

"அப்புறம் உன்னால என்னதான்யா பிரயோஜனம்?"

"சும்மா உட்காருவேன்" என்றார் அவர். "அதுல இருபத்தாறு வருஷ அனுபவம்."

பெரியவர் தொண்டைக்குள் ஒரு சத்தம் போட்டார். சிரிப்போ இருமலோ தெரியவில்லை. ஒரு நாற்காலியைக் காலால் தள்ளிவிட்டார். இருவரும் உட்கார்ந்தார்கள். பதினொரு கடிகாரங்களும் ஒரே குரலில் டிக் டிக் என்றன. கால் மணி போயிற்று. ஜன்னல் வெளிச்சம் தரையில் ஒரு கட்டம் நகர்ந்தது.

"ரூம் ஒண்ணும் பெருசா நிறைஞ்ச மாதிரி தெரியலையே" என்றார் பெரியவர்.

"நான் இப்ப கொஞ்சம் குறைவு."

"எவ்வளவு?"

"ஐஞ்சுல ரெண்டு போயிடுச்சு."

பெரியவர் பூதக்கண்ணாடியை மேசைமேல் வைத்தார். எதைவிடக் குறைவு, எந்தக் கருவியில் பார்த்தாய், எப்போது சரிபார்த்தாய் என்று ஒன்றும் கேட்கவில்லை.

"யாரு?" என்றார்.

"வீட்டுக்காரி."

"ம்."

அவ்வளவுதான். மறுபடியும் கடிகாரங்கள். கொஞ்ச நேரம் கழித்துப் பெரியவர் எழுந்துபோய் மூலையில் இருந்த ஒரு கடிகாரத்துக்குச் சாவி கொடுத்தார். அதற்குச் சாவி தேவைப்படவில்லை என்பது அவர் திருப்பிய விதத்திலேயே தெரிந்தது. முதுகைக் காட்டியபடியே சொன்னார்: "எனக்குப் போய் ஒன்பது வருஷம். எந்த மிஷினும் கண்டுபிடிக்கல."

ஐந்து மணிக்குப் பதினொன்றும் ஒரே நேரத்தில் அடித்தன. அந்த இரைச்சலில் இருவராலும் எதுவும் பேச முடியாது, பேசவும் வேண்டியிருக்கவில்லை. அடித்து ஓய்ந்ததும் அவர் எழுந்தார்.

"அடுத்த வாரம் சீட்டுக்கட்டு எடுத்து வைக்கறேன்," என்றார் பெரியவர். "உன் விதியை வாசல்லயே விட்டுட்டு வா."

வீட்டுக்கு வந்ததும் விளக்கைப் போட்டுச் சமையலறைச் சுவரைப் பார்த்தார். இழை ஒரு நூல் உயர்ந்திருப்பதுபோல் இருந்தது. கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பார்த்தபோது உயரவில்லை போலவும் இருந்தது. சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்தார். பட்டையைப் பார்க்காமல், இழையின் நுனி நிற்கும் இடத்தில் சுவரில் நேராக ஒரு கோடு போட்டார். அவள் எழுத்துக்கு நாலு விரல் கீழே, அவளைப் போலவே பொடியாக எழுதினார்: 'நான் மட்டும்.'

பிறகு வடிகட்டியை எடுத்து ஆணியில் மாட்டப் போனார். கோடு மறைந்துவிடும் என்று தோன்றியது. அதற்கு வேறோர் ஆணி தேட ஆரம்பித்தார்.